வேலையை விட்டுவிட்டு முழுநேர மென்டலிஸ்ட் ஆகலாமா?

கேள்வி: எனக்கு 27 வயது. ஒரு நிறுவனத்தில் கணக்குப் பிரிவில் வேலை பார்க்கிறேன். கல்லூரி நாட்களில் சீட்டுக்கட்டில் தொடங்கிய ஆர்வம் இப்போது வார இறுதிகளில் மேடை ஏறும் அளவுக்கு வந்திருக்கிறது. சீட்டு, நாணயம், கயிறு எல்லாம் செய்வேன். ஆனால் ஒருவர் மனத்தில் நினைத்த பெயரைச் சொல்வது, ஒட்டிய உறைக்குள் விடை இருப்பது போன்ற மென்டலிசம் ஐட்டங்களுக்குத்தான் கைதட்டல் அள்ளுகிறது. வேலையை விட்டுவிட்டு முழுநேரமாக இறங்கலாமா? மேஜிக்கை விட்டுவிட்டு 'மென்டலிஸ்ட்' என்று மட்டும் போட்டுக்கொள்ளலாமா? போன மாதம் ஒரு ஷோவில் பெயர் தப்பாகி, அப்படியே வாயடைத்து நின்றுவிட்டேன். அந்தப் பயம் இன்னும் போகவில்லை. இன்னொன்று: ஒரு ஷோ முடிந்ததும் ஓர் அம்மா வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு, வீட்டை விட்டுப் போன மகன் திரும்பி வருவானா என்று கேட்டார். 'வருவான் என்றுதான் தோன்றுகிறது' என்று சொல்லி அனுப்பினேன். நண்பர் ஒருவர், 'உனக்குச் சக்தி இருக்கிறது என்றே சொல்லிக்கொள், புக்கிங் குவியும்' என்கிறார். என்ன செய்யட்டும்?

பதில்: தம்பி, 'இன்னொன்று' என்று கடைசியில் ஒட்டவைத்திருக்கிறீர்களே, அதைத்தான் நான் முதலில் எடுக்கிறேன். அதில் நீங்கள் எடுக்கும் முடிவைப் பொறுத்துத்தான் மற்ற மூன்று கேள்விகளுக்கும் விடை அமையும்.

அந்த அம்மாவை மறுபடி போய்ப் பாருங்கள். நிகழ்ச்சியை ஏற்பாடு செய்தவரிடம் விசாரித்தால் யார் என்று தெரிந்துவிடும். போனில் வேண்டாம், நேரில் போங்கள். 'அம்மா, நான் மேடையில் செய்வது பயிற்சி செய்து கற்ற வித்தை. உங்கள் மகனைப் பற்றி எனக்கு எதுவும் தெரியாது. அன்றைக்கு உங்கள் முகத்தைப் பார்த்ததும் ஆறுதலாக ஏதாவது சொல்லத் தோன்றியது, சொல்லிவிட்டேன். நான் சொன்னதை வைத்துக்கொண்டு தேடுவதை நிறுத்திவிடாதீர்கள்' என்று இந்த அளவில் சொன்னால் போதும். அவர் கோபப்படலாம், அழலாம். இருந்து கேட்டுவிட்டு வாருங்கள்.

இது அவ்வளவு பெரிய விஷயமா என்று நினைக்கலாம். சில நிமிடங்களுக்கு முன்புதான் முன்பின் தெரியாத ஒருவரின் பால்ய நண்பர் பெயரை நீங்கள் சொன்னதை அவர் கண்ணால் பார்த்திருக்கிறார். அதனால் நீங்கள் 'தோன்றுகிறது' என்று சொன்னதை அவர் 'தெரிகிறது' என்றுதான் எடுத்துக்கொண்டிருப்பார். அதை நம்பிப் போலீஸில் புகார் கொடுப்பதைத் தள்ளிப்போடலாம். தெரிந்தவர்களிடம் விசாரிப்பதை விட்டுவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கலாம். மேடையில் புறாவை வரவழைப்பவரிடம் யாரும் இப்படி வந்து கேட்பதில்லை. மேஜிக்கின் எல்லாக் கிளைகளிலும் மென்டலிசம் ஒன்றைத்தான் ஜனங்கள் நிஜமாகவே நம்பிவிடுகிறார்கள். இந்தத் தொழிலின் பெரிய பலம் அதுதான், பெரிய ஆபத்தும் அதுதான்.

இது மறுபடியும் நடக்கும். நீங்கள் நன்றாகச் செய்யச் செய்ய அதிகமாக நடக்கும். என்னிடம் வருபவர்கள் பெரும்பாலும் கூட்டம் கலையும்வரை காத்திருப்பவர்கள். நான் உறைகளையும் பேனாக்களையும் பெட்டியில் அடுக்கிக்கொண்டிருப்பேன். சற்றுத் தள்ளி ஒருவர் நின்றுகொண்டிருப்பார். கைப்பேசியில் ஒரு போட்டோவை முன்பே எடுத்து வைத்திருப்பார். திரை அணைந்துவிடாமல் இருக்க விரலால் தொட்டுத் தொட்டுப் பிடித்திருப்பார். அவர் அருகில் வந்ததும் அடுக்குவதை நிறுத்திவிட வேண்டும். கையில் உறையோ சீட்டோ இருந்தால் கீழே வைத்துவிட வேண்டும். அந்தப் போட்டோவைக் கையில் வாங்கவே கூடாது. வாங்கி இரண்டு நொடி பார்த்துவிட்டால், நீங்கள் என்ன சொன்னாலும் அதிலிருந்து எதையோ கண்டுவிட்டீர்கள் என்றுதான் அவர் நினைப்பார். அவர் சொல்வதை முழுக்கக் கேளுங்கள். பிறகு முதல் வாக்கியமாகவே 'ஐயா, எனக்கு இதெல்லாம் தெரியாது, நான் வித்தைக்காரன்' என்று சொல்லுங்கள். ஆறுதல் வார்த்தை அதற்குப் பிறகு வரட்டும். முன்னால் வந்தால் அதுவே வாக்காகிவிடும்.

மேடையிலும் சில வாசல்களை நீங்களே அடைத்துவிடுங்கள். நோய், சாவு, காணாமல் போனவர்கள், பிள்ளைப்பேறு, பணமுதலீடு, கணவன் மனைவி சந்தேகம் ஆகியவற்றைத் தொடும் எந்த ஐட்டமும் என் பெட்டியில் கிடையாது. 'இறந்துபோன ஒருவரை நினைத்துக்கொள்ளுங்கள்' என்று தொடங்கும் ஐட்டங்கள் இருக்கின்றன. கேட்பவர் உருகிப்போவார், கைதட்டல் பெரிதாக வரும். அதைச் செய்யாதீர்கள் என்றுதான் சொல்வேன். பள்ளித் தோழன், முதல் சைக்கிள், போக ஆசைப்படும் ஊர் என்று எவ்வளவோ இருக்கின்றன.

இனி உங்கள் நண்பரின் யோசனை. சக்தி இருக்கிறது என்று சொன்னால் புக்கிங் வரும் என்பதை நான் மறுக்கவில்லை. நம்பவைப்பது அவ்வளவு சுலபம். 1948-ல் பெர்ட்ரம் ஃபோரர் என்ற உளவியல் ஆசிரியர் தன் மாணவர்களுக்கு ஆளுமைப் பரிசோதனை ஒன்றை வைத்து, ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக எழுதியதுபோல் ஒரு மதிப்பீட்டைக் கொடுத்தார். எவ்வளவு பொருந்துகிறது என்று 5-க்கு மதிப்பெண் போடச் சொன்னார். சராசரி 4.26 வந்தது. உண்மையில் எல்லோர் கையிலும் இருந்தது ஒரே மதிப்பீடு. அதிலிருந்த வாக்கியங்களை அவர் பெரும்பாலும் கடையில் விற்கும் ஜோதிடப் புத்தகத்திலிருந்து எடுத்திருந்தார். முன்பின் தெரியாதவரைப் பற்றி எல்லாம் தெரிந்ததுபோல் பேசும் கோல்டு ரீடிங்கின் அஸ்திவாரம் இதுதான். இதைக் கையில் வைத்துக்கொண்டு நீங்கள் வித்தகராகவும் இருக்கலாம், குறி சொல்பவராகவும் ஆகலாம்.

இந்தப் பிரிவு நம் தொழிலுக்குப் புதிதில்லை. 1880-களில் வாஷிங்டன் இர்விங் பிஷப், ஸ்டூவர்ட் கம்பர்லேண்ட் என்று இரண்டு பேர் கிட்டத்தட்ட ஒரே வித்தையைச் செய்துகொண்டிருந்தார்கள். ஒரு பொருளை ஒளித்துவைத்தவரின் கையையோ மணிக்கட்டையோ பிடித்துக்கொண்டு, கண்கட்டோடு போய் அந்தப் பொருளை எடுப்பார்கள். பிடித்திருக்கும் கையில் வரும் மிக நுண்ணிய தசை அசைவுகள்தான் வழிகாட்டி. பிஷப் அது ஏதோ அபூர்வ ஆற்றல் என்று பார்வையாளர்களை நம்பவிட்டார். கம்பர்லேண்ட் 'இது தசையைப் படிப்பது, வேறொன்றுமில்லை' என்று வெளிப்படையாகவே சொன்னார். அப்படிச் சொன்னதால் அவருக்கு மவுசு குறைந்ததா? பிரிட்டிஷ் பிரதமர் கிளாட்ஸ்டனே தன் மனத்தில் ஓர் எண்ணை நினைத்துக்கொண்டு அவர் முன் அமர்ந்தார். நேர்மையாகச் சொன்னால் கூட்டம் வராது என்பவர்களுக்கு நான் சொல்லும் முதல் பெயர் கம்பர்லேண்ட்.

இரண்டாவது பெயர் பனாசெக். 1979-ல் அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் நகரில் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் அதீத மன ஆற்றலை ஆராய ஓர் ஆய்வகம் தொடங்கினார்கள். ஐந்து லட்சம் டாலர் நன்கொடை வந்திருந்தது. ஜேம்ஸ் ராண்டி என்ற வித்தகர், ஸ்டீவ் ஷா, மைக்கேல் எட்வர்ட்ஸ் என்ற இரண்டு இளைஞர்களை அங்கே போகச் சொன்னார். இருவரும் மேஜிக் தெரிந்தவர்கள். கரண்டி வளைத்தார்கள், உறைக்குள் இருந்த படத்தைச் சொன்னார்கள். ஆற்றல் உள்ளவர்கள் என்று ஆய்வகம் நம்பியது. ராண்டி இருவரிடமும் ஒரு நிபந்தனை வைத்திருந்தார்: 'நீங்கள் ஏமாற்றுகிறீர்களா?' என்று யாராவது நேராகக் கேட்டால் உண்மையைச் சொல்லிவிட வேண்டும். யாரும் கேட்கவில்லை. 1983-ல் ராண்டியே எல்லாவற்றையும் அம்பலப்படுத்தினார். அந்த ஸ்டீவ் ஷாதான் பிறகு பனாசெக் என்ற பெயரில் உலகின் முன்னணி மென்டலிஸ்டுகளில் ஒருவரானார். படித்தவர்களும் எளிதில் நம்பிவிடுவார்கள் என்பதைக் கூடவே இருந்து பார்த்தவர், அந்த நம்பிக்கையைக் காசாக்காமலேயே தொழிலில் நிலைத்திருக்கிறார்.

சக்தி இருப்பதாகச் சொல்லிக்கொண்டு தொடங்கினால் நாளடைவில் உங்கள் எதிரே உட்கார்ந்திருப்பவர்கள் மாறிப்போவார்கள். ரசிக்க வந்தவர்கள் குறைந்து, தேவையோடு வந்தவர்கள் நிறைவார்கள். அவர்களுக்கு நடுவே, உங்களை மாட்டவைக்கவே வந்த சிலரும் இருப்பார்கள். இந்த இரண்டு கூட்டத்துக்கும் நடுவில் யாராலும் ரசிக்கத்தக்க ஒரு ஷோ நடத்த முடியாது.

சரி, மேடையில் என்னதான் சொல்வது? ரகசியத்தை உடைக்க வேண்டியதில்லை. நான் கிட்டத்தட்ட இப்படிச் சொல்வேன்: 'எனக்கு எந்தச் சக்தியும் கிடையாது. நிறையப் பயிற்சி இருக்கிறது. உங்கள் சம்மதத்தோடு இன்னும் முக்கால் மணி நேரம் உங்களை ஏமாற்றப் போகிறேன். எப்படி என்று மட்டும் கேட்காதீர்கள்.' இதை எடுத்த எடுப்பில் சொன்னால் யார் காதிலும் விழாது. முதல் ஐட்டம் முடிந்து கூட்டம் வாயைப் பிளந்திருக்கும்போது சொல்லுங்கள். முடிக்கும்போது இன்னொரு முறை, வேறு வார்த்தையில் சொல்லுங்கள். உங்களை அறிமுகப்படுத்தும் தொகுப்பாளர் என்ன பேச வேண்டும் என்பதையும் நீங்களே நான்கு வரியில் எழுதிக் கொடுத்துவிடுங்கள். அதை அவர் விருப்பத்துக்கு விட்டால் 'அபூர்வ சக்தி படைத்த' என்றுதான் தொடங்குவார். போஸ்டருக்கும் அதே ஜாக்கிரதை வேண்டும். இணையத்தில் ஏற்றும் வீடியோத் துண்டுகளுக்கு இன்னும் கூடுதலாக வேண்டும், ஏனென்றால் நீங்கள் மேடையில் சொன்ன அந்த ஒரு வாக்கியம்தான் எடிட்டிங்கில் முதலில் வெட்டுப்படும்.

இங்கே ஒரு குழி இருக்கிறது. நல்ல எண்ணத்தோடு வருபவர்களே அதில் விழுகிறார்கள். 'சக்தி இல்லை, இது உளவியல். உங்கள் உடல்மொழியைப் படிக்கிறேன், கண் அசைவை வைத்துப் பொய்யைக் கண்டுபிடிக்கிறேன்' என்று சொல்லும் மோஸ்தர் இப்போது பரவியிருக்கிறது. கேட்க விஞ்ஞானம் மாதிரி இருக்கும். பல நேரம் அதுவும் சக்தி இருக்கிறது என்று சொல்வதைப் போன்ற இன்னொரு பொய்தான். உறைக்குள் இருந்த சொல்லை நீங்கள் கண்டுபிடித்தது அவர் புருவத்தைப் பார்த்தா? இல்லை என்று உங்களுக்கே தெரியும். பொய்யையும் உண்மையையும் மனிதர்கள் எவ்வளவு சரியாகப் பிரிக்கிறார்கள் என்பது பற்றிய ஆய்வுகளைத் தொகுத்து 2006-ல் வந்த அலசலில், சராசரி 54 சதவீதம்தான். காசைச் சுண்டிப் பார்ப்பதைவிடக் கொஞ்சம் மேல், அவ்வளவே. கண் இந்தப் பக்கம் போனால் பொய், அந்தப் பக்கம் போனால் உண்மை என்பதை 2012-ல் சோதித்துப் பார்த்தார்கள். அதற்கு ஆதாரம் எதுவும் கிடைக்கவில்லை.

இதனால் யாருக்கு என்ன கெடுதல் என்று கேட்பீர்கள். கார்ப்பரேட் ஷோ முடிந்ததும் மனிதவள அதிகாரி ஒருவர் உங்களை ஓரமாக அழைத்து, 'எங்கள் நேர்முகத் தேர்வில் வந்து உட்கார முடியுமா, யார் பொய் சொல்கிறார்கள் என்று சொன்னால் போதும்' என்பார். என்னிடம் கேட்டிருக்கிறார்கள். கொடுப்பதாகச் சொன்ன தொகை ஷோவுக்கு வாங்கியதைவிட அதிகம். நீங்கள் சம்மதித்தால், யாரோ ஒரு பையனுக்கோ பெண்ணுக்கோ கிடைக்க வேண்டிய வேலை, நீங்கள் மேடைக்காகக் கட்டிய கதையால் கிடைக்காமல் போகும். அந்தப் பிள்ளைக்குக் காரணம்கூடத் தெரியாது. எனக்கு இது மகன் எப்போது வருவான் என்று குறி சொல்வதற்குக் கொஞ்சமும் குறைந்ததாகத் தெரியவில்லை.

மூன்றாவது வழி ஒன்றும் வரலாற்றில் உண்டு. ஆஸ்திரேலியாவைச் சேர்ந்த சிட்னி, லெஸ்லி பிடிங்டன் தம்பதி 1949-ல் பிபிசி வானொலியில் எண்ணப் பரிமாற்ற நிகழ்ச்சி நடத்தினார்கள். போர்க்கைதியாகச் சிங்கப்பூரின் சாங்கி முகாமில் இருந்தபோது சிட்னி உருவாக்கிய வித்தை அது. ஒருமுறை லெஸ்லி லண்டன் டவர் கோட்டையில் இருந்துகொண்டு, ஸ்டுடியோவில் தேர்ந்தெடுத்த ஒரு புத்தகத்தின் வரியைத் தயங்கித் தயங்கிச் சொல்லி முடித்தார். நாடே அதைப் பற்றிப் பேசியது. அது டெலிபதிதானா என்ற கேள்விக்கு அவர்கள் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. தீர்ப்பை நேயர்களிடமே விட்டார்கள். கலையாக அது எனக்கு மிகவும் பிடிக்கும். ஆனால் வானொலிப் பெட்டியிடம் வந்து யாரும் கையைப் பிடித்துக்கொள்ள முடியாது. உங்களுக்கு எதிரே ஆட்கள் உட்கார்ந்திருக்கிறார்கள்.

இந்த முடிவை எடுத்துவிட்டால், மேஜிக்கா மென்டலிசமா என்ற உங்கள் கேள்விக்கும் பாதி விடை கிடைத்துவிடும். இரண்டையும் கலக்கக் கூடாது என்று சொல்லும் பெரியவர்கள் உண்டு. கையிலிருந்த நாணயத்தை மறையவைத்துவிட்டு அடுத்த நிமிடம் மனத்தைப் படித்தால், அதுவும் கைவேலைதானே என்று கூட்டம் சொல்லிவிடும் என்பது அவர்கள் வாதம். வாதம் சரிதான். ஆனால் எனக்கு அதுவே கலப்பதற்கான காரணமாகவும் படுகிறது. தொடக்கத்தில் ஐந்து நிமிடம் நேர்த்தியான சீட்டு வித்தை ஒன்று செய்தால், வந்திருப்பவர் வித்தைக்காரர் என்பது வாய்விட்டுச் சொல்லாமலேயே எல்லோருக்கும் புரிந்துவிடும். நவீன மேடை மேஜிக்கின் தந்தை என்று போற்றப்படும் ராபர்ட்-ஹூடன் 1846-ல் பாரீஸில் தன் மகன் எமிலோடு நடத்திய 'இரண்டாம் பார்வை', இயந்திர வித்தைகள் நிறைந்த ஷோவின் நடுவில் வந்த ஓர் ஐட்டம்தான். கண்கட்டோடு அமர்ந்திருந்த பையன், பார்வையாளர்கள் அப்பாவின் கையில் கொடுத்த பொருட்களை வரிசையாகச் சொன்னான். ஊரே அதைப் பார்க்கத் திரண்டது. மற்ற வித்தைகள் அதைக் கெடுத்துவிடவில்லை. ஆகவே சீட்டுக்கட்டைத் தூக்கிப் போடாதீர்கள். கயிறையும் நாணயத்தையும் வேண்டுமானால் குறைத்துக்கொள்ளுங்கள்.

எமிலுக்கு அந்தத் திறமை எப்படி வந்தது என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். அப்பாவும் பிள்ளையும் தெருவில் நடந்து போவார்கள். ஒரு கடையின் கண்ணாடி ஜன்னலைக் கடக்கும்போது ஒரே ஒரு பார்வை, நிற்கக் கூடாது. கொஞ்ச தூரம் போனதும் ஆளுக்கொரு தாளில் ஜன்னலில் என்னென்ன இருந்தன என்று எழுதுவார்கள், திரும்பி வந்து சரிபார்ப்பார்கள். அதை நாள்தோறும் செய்தார்கள். இன்று ஆன்லைனில் வாங்குகிற எந்தக் கருவியும் இந்தப் பயிற்சிக்கு ஈடாகாது. ஞாபகத்தைத் தீட்டுங்கள். ஒரு ஷோவில் மேடைக்கு வந்த அத்தனை பேரின் பெயரையும் கடைசிவரை சரியாகச் சொல்லி அழைப்பதே கூட்டத்துக்கு ஓர் அதிசயம்தான்.

இப்போது தப்பாகிப்போன பெயர். அந்தப் பெயர் உங்களுக்கு எப்படித் தெரிய வருகிறது என்பது நம் தொழிலுக்குள்ளேயே இருக்கட்டும். தெரிந்த பெயரை எப்படிச் சொல்வது என்பதைப் பேசுவோம். புதியவர்கள் பெயர் கிடைத்ததும் 'நளினி!' என்று போட்டு உடைத்துவிடுவார்கள். எதிரே நிற்பவர் அசந்துபோவார், கூட்டம் சும்மா இருக்கும். ஏனென்றால் அவர் நினைத்தது நளினிதான் என்பது கூட்டத்துக்குத் தெரியாதே. கொஞ்சம் பொறுங்கள். அவரை நேராகப் பாருங்கள். 'மெல்ல ஆரம்பிக்கிற ஒலி... வல்லினம் இல்லை... ம... இல்லையில்லை, ந' என்று நீங்களே உங்களைத் திருத்திக்கொள்ளுங்கள். அடுத்து ஒன்றும் பேசாமல் போர்டில் எழுதி, எழுதிய பக்கத்தை உங்கள் மார்போடு அணைத்துக்கொள்ளுங்கள். பேனாவை மூடுங்கள். மூடுகிற அந்தச் சின்னச் சத்தம் மைக்கில் விழட்டும், இனி மாற்ற முடியாது என்று எல்லோருக்கும் புரியும். இப்போது மைக்கை அவர் வாயருகே கொண்டுபோய், 'முதல் தடவையாக, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, யாரை நினைத்தீர்கள்?' என்று கேளுங்கள். 'நளினி' என்று அவர் வாயால் சொல்ல வேண்டும். சொன்னதும் போர்டைத் திருப்பாதீர்கள். அவர் சொன்னது கடைசி வரிசைக்குப் போய்ச் சேர ஒரு மூச்சு நேரம் கொடுங்கள். பிறகு திருப்புங்கள். பெயர் அதே பெயர்தான், வித்தை அதே வித்தைதான். கைதட்டல் இரண்டு மடங்காகும்.

தப்பானால்? தப்பு என்று சொல்லிவிட்டு நகர வேண்டும். 'இன்றைக்கு உங்கள் தோழி என்னிடம் பிடிபடவில்லை' என்று சிரித்து, அவருக்குக் கைதட்டல் வாங்கிக் கொடுத்து உட்காரவையுங்கள். 'நீங்கள் சரியாக நினைக்கவில்லை' என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். மேடைக்கு வந்தவர் உங்கள் விருந்தாளி. உங்கள் பிழையை அவர் தலையில் கட்டினால் கூட்டம் முழுதும் அவர் பக்கம் போய்விடும், அது நியாயமும்கூட. அடுத்து, நிச்சயம் வேலை செய்யும் என்று உங்களுக்குத் தெரிந்த ஓர் ஐட்டத்தை உடனே எடுங்கள். அந்த ஐட்டத்துக்கான பொருள் எப்போதும் பெட்டியின் மேல்தட்டில் இருக்க வேண்டும். தவற வாய்ப்புள்ள ஐட்டங்களை ஷோவின் நடுவில் வையுங்கள், தொடக்கமும் முடிவும் கல்லாக இருக்கட்டும்.

தவறுவது மென்டலிஸ்டுக்கு அவமானமில்லை. 1950-களில் பிபிசி தொலைக்காட்சியில் புகழ்பெற்ற சான் கனஸ்டா அபாயமான ஐட்டங்களைத் துணிந்து எடுப்பார், சில நேரம் நேயர்கள் கண்முன்னே தவறியும் போவார். அதனாலேயே அவரை நம்பினார்கள், நேசித்தார்கள். எல்லாமே சரியாக வந்தால் அது தந்திரம், ஒன்றிரண்டு தவறினால் அது முயற்சி என்று பார்ப்பவர்களுக்குத் தோன்றும். 2024-ல் மறைந்த அமெரிக்க மென்டலிஸ்ட் கிரெஸ்கின் இன்னும் ஒருபடி போனார். அன்றைய ஷோவுக்கான சம்பளக் காசோலையை அரங்கத்தில் எங்காவது ஒளித்துவைக்கச் சொல்வார். கண்டுபிடிக்காவிட்டால் அன்றைக்குச் சம்பளம் கிடையாது. சில தடவை உண்மையாகவே இழந்திருக்கிறார். அவர் அரங்கத்துக்கு ஜனங்கள் பல பத்தாண்டுகள் வந்துகொண்டிருந்ததற்கு அந்தக் காசோலையும் ஒரு காரணம் என்பது என் எண்ணம்.

நீங்கள் கேட்காத இரண்டு விஷயங்களையும் சொல்லிவிடுகிறேன். காகிதக் கப்புகளிலோ பைகளிலோ ஒன்றுக்குள் ஆணியை நிறுத்தி, மற்றவற்றைக் கையால் அறைந்து நசுக்கும் ஐட்டத்தை எடுக்காதீர்கள். 2016-ல் போலந்து தொலைக்காட்சியின் காலை நிகழ்ச்சி ஒன்றில், வித்தகர் தொகுப்பாளினியின் கையைப் பிடித்து அறைந்தபோது ஆணி அவர் உள்ளங்கையில் ஏறியது. உங்கள் கையோ பிறர் கையோ, ஒரு ஷோவுக்காகப் பணயம் வைக்க யாருக்கும் உரிமை இல்லை.

மற்றொன்று, வீடியோவில் பார்த்ததை அப்படியே எடுத்துச் செய்வது. செய்முறை பொதுவாக இருக்கலாம், அதை ஒருவர் நாடகமாக ஆக்கிய விதம் அவருடையது. டெல்லர் என்ற அமெரிக்க வித்தகர், ரோஜாவின் நிழலைக் கத்தியால் வெட்ட நிஜ ரோஜாவின் இதழ்கள் உதிரும் தன் ஐட்டத்தை 1983-லேயே பதிப்புரிமை கோரிப் பதிவு செய்திருந்தார். அதைப் போலவே செய்து விற்க முனைந்த ஒருவர் மீது வழக்குத் தொடர்ந்தார். 2014-ல் நீதிமன்றம், வித்தையின் செய்முறைக்குப் பதிப்புரிமை கிடையாது என்றாலும் மேடையில் அது நிகழ்த்தப்படும் நாடக வடிவத்துக்கு உண்டு என்று அவர் பக்கம் தீர்ப்பளித்தது. சட்டத்தை விடுங்கள். ஆங்கில வீடியோவிலிருந்து மொழிபெயர்த்த பேச்சு மேடையில் நிற்காது. வீட்டில் பேசுகிற தமிழில் உங்கள் ஸ்கிரிப்டை நீங்களே எழுதுங்கள். ஒரு வரிக்காக ஒரு வாரம் உட்காரலாம், தப்பில்லை.

உங்கள் முதல் கேள்வி, வேலை. இப்போது விடாதீர்கள் என்பது என் கருத்து. உங்கள் திறமையில் எனக்குச் சந்தேகம் இல்லை. வார இறுதியில் கிடைக்கும் கைதட்டல் ஒரு கணக்கு, மாத வருமானம் வேறு கணக்கு. 2020-ல் உலகம் முழுக்க அரங்குகள் மூடியபோது மேடையை மட்டும் நம்பியிருந்தவர்கள் பட்ட பாட்டை நான் அருகிலிருந்து பார்த்தேன். மென்டலிசம் கொஞ்சம் தப்பித்தது, அதைத் திரைவழியாகவும் செய்ய முடிந்ததால். பெரிய பெட்டிகளை வைத்து இல்யூஷன் செய்தவர்களுக்கு அந்த வழியும் இல்லை.

நீங்கள் கணக்குப் பிரிவில் இருப்பவர், அதனால் இது சுலபம். ஒரு நோட்டில் ஒவ்வொரு ஷோவையும் எழுதுங்கள்: யார் மூலம் வந்தது, எவ்வளவு பேசினார்கள், எவ்வளவு கொடுத்தார்கள், எப்போது கொடுத்தார்கள். நண்பர்களும் உறவினர்களும் கூப்பிட்டதைத் தனியாக எழுதுங்கள், அதை வருமானமாக எண்ண வேண்டாம். முன்பின் தெரியாதவர்கள் கூப்பிட்டது எத்தனை, ஒரு தடவை கூப்பிட்டவர்களே மறுபடி கூப்பிட்டது எத்தனை என்ற இரண்டு எண்கள்தான் உங்கள் எதிர்காலத்தைச் சொல்லும். மறுபடி கூப்பிடுபவர்களிடம் அதே உறையை நீட்ட முடியாது. எனவே ஒன்றோடொன்று கலக்காத இரண்டு முக்கால் மணி நேர ஷோக்கள் கையில் இருக்க வேண்டும். இப்போது உங்களிடம் ஒன்றுதான் இருக்கும் என்று நினைக்கிறேன்.

பாதித் தொகை முன்பணம், மீதி மேடை ஏறும் நாளில், ரத்தானால் எவ்வளவு என்பதை எழுத்தில் வாங்கிவிடுங்கள். இரண்டு மைக் கேளுங்கள், ஒன்று உங்களுக்கு, ஒன்று மேடைக்கு வருபவருக்கு. நம் தொழிலே அவர் வாயிலிருந்து வரும் ஒரு சொல்லில்தான் நிற்கிறது. அது கேட்கவில்லை என்றால் ஷோ இல்லை. கூட்டம் தட்டோடு சாப்பிட்டுக்கொண்டிருக்கும் நேரத்தில் மேடை கொடுத்தால், பணிவாக மறுத்து வேறு நேரம் கேளுங்கள்.

லண்டனின் மேஜிக் சர்க்கிள் 1905-லிருந்தும், சர்வதேச மேஜிக் சகோதரத்துவ அமைப்பு 1922-லிருந்தும் இயங்குகின்றன. பல நாடுகளில் இவை போன்ற சங்கங்களும் கிளைகளும் இருக்கின்றன. உங்களுக்கு எட்டும் தூரத்தில் உள்ள ஒன்றில் சேருங்கள். கைதட்டாமல் உட்கார்ந்து உங்கள் ஷோவைப் பார்த்துவிட்டு, எந்த இடத்தில் கை தெரிந்தது என்று முகத்துக்கு நேராகச் சொல்லும் மூத்தவர் ஒருவர் உங்களுக்கு வேண்டும். குடும்பத்தாரால் அதைச் செய்ய முடியாது.

ஒரு வருடம் அந்த நோட்டை எழுதுங்கள். வீட்டுச் செலவுக்கு ஒரு வருடத்துக்கு ஆகும் பணத்தைத் தனியாகச் சேர்த்து வையுங்கள். இரண்டாவது ஷோவைத் தயார் செய்து, முன்பின் தெரியாத கூட்டத்தின் முன் பத்துப் பதினைந்து தடவையாவது ஆடிப் பாருங்கள். வேலையை விடும் தேதியை அதற்குப் பிறகு, நோட்டைப் பக்கத்தில் விரித்து வைத்துக்கொண்டு, வீட்டாரோடு உட்கார்ந்து குறியுங்கள்.